நெப்போலியன் படையை வீழ்த்தியது குளிரா, குதிரைத் தீவனமா?

1812-ஆம் ஆண்டு நெப்போலியன் ரஷ்யா மீது படையெடுத்த கதையை நம்மில் பலர் ஒரே மூச்சில் சொல்லி முடித்துவிடுவோம். மாஸ்கோ வரை போனார், பனிக்காலம் வந்தது, படை உறைந்து செத்தது. பள்ளிக்கூடத்தில் அப்படித்தான் படித்தோம்; விநாடி வினாவிலும் அதைத்தான் சொல்லி மதிப்பெண் வாங்கினோம்.

இதில் பொய் எதுவும் இல்லை. ஆனால் பல ஆண்டுகளாகச் சர்க்கரை நோயில் இளைத்துத் துரும்பாகிப்போன ஒருவர் கடைசியில் நான்கு நாள் காய்ச்சலில் இறந்துபோனால், ‘காய்ச்சல்தான் கொன்றது’ என்று அக்கம்பக்கத்தார் சொல்வார்கள் அல்லவா, அந்த அளவுக்கு மட்டுமே இது உண்மை. காய்ச்சலுக்கு முன்பே உடம்பில் ஒன்றும் மிச்சமில்லை. அந்தப் படையின் கதையும் அதுதான்.

தேதிகளை ஒருமுறை பாருங்கள்

நெப்போலியனின் படை நீமன் நதியைக் கடந்து ரஷ்யப் பேரரசுக்குள் கால் வைத்தது ஜூன் 24. நல்ல கோடை. மாஸ்கோவுக்குள் நுழைந்தது செப்டம்பர் 14. அங்கிருந்து திரும்பக் கிளம்பியது அக்டோபர் 19. கடும்பனி தொடங்கியதோ நவம்பர் முதல் வாரத்தில்.

இப்போது ஆட்களை எண்ணுவோம். சார்ல் மினார் என்ற ஓய்வுபெற்ற பிரெஞ்சுப் பொறியாளர் 1869-இல், தம் 88-ஆம் வயதில், இந்தப் படையெடுப்பை ஒரே தாளில் படமாக வரைந்தார். படையின் அளவுக்கு ஏற்ப அகலம் மாறும் ஒரு பட்டை. போகும்போது ஒரு நிறம், திரும்பும்போது கறுப்பு. எல்லையில் அந்தப் பட்டையின் மேல் அவர் எழுதியிருக்கும் எண் 4,22,000. ஸ்மோலென்ஸ்க் நகருக்குப் போய்ச் சேரும்போது 1,45,000. மாஸ்கோவில் 1,00,000. வெயில் காலத்திலேயே, மூன்று மாதத்துக்குள், பட்டை நாலில் ஒரு பங்காகச் சுருங்கிவிட்டது.

காணாமல் போன எல்லோரும் செத்துவிடவில்லை. வழியிலுள்ள ஊர்களில் காவலுக்கு நிறுத்தப்பட்டவர்கள் உண்டு, வடக்கே தனியாகப் பிரித்து அனுப்பப்பட்டவர்கள் உண்டு, இரவோடு இரவாக ஓடிப்போனவர்களும் ஏராளம். செப்டம்பர் 7 அன்று போரோடினோவில் நடந்த ஒரே நாள் போரில் இரு தரப்பிலுமாகச் சேர்த்து 70,000 பேருக்கு மேல் மாண்டார்கள் அல்லது காயப்பட்டார்கள். இதையெல்லாம் கழித்த பிறகும் பெரிய ஓட்டை ஒன்று மிஞ்சுகிறது. பசியிலும் நோயிலும் களைப்பிலும் விழுந்தவர்கள் அந்த ஓட்டையில்தான் இருக்கிறார்கள். போரில் அடிபடாமலேயே ஒரு படை இப்படிக் கரைவதைத் தேய்மானம் என்று சொல்லலாம். நகைக்கும் எந்திரத்துக்கும் நாம் சொல்லும் அதே தேய்மானம்தான்.

ஆக, பனி விழுவதற்கு முன்பே படையின் பெரும்பகுதி இல்லை. அது ஏன் என்பதுதான் கேள்வி.

ஒரு கல்யாணப் பந்தி நடக்க ஆரம்பித்தால்

ஆயிரம் பேருக்குக் கல்யாணச் சாப்பாடு போட்டவர்களுக்குத் தெரியும், எத்தனை மூட்டை அரிசி, எத்தனை கூடை காய்கறி, எத்தனை சிலிண்டர், தண்ணீர் லாரி எப்போது வரும் என்று ஒரு வாரம் தூக்கம் இருக்காது. அதுவும் ஒரே மண்டபத்தில், ஒரே நாளில். அந்தக் கல்யாணக் கூட்டம் முழுவதும் தினமும் இருபது கிலோமீட்டர் நடந்துபோய் வேறொரு பொட்டலில் பந்தி விரிக்கவேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாளைக்கும், மறுநாளும், மூன்று மாதத்துக்கும். கூட்டம் ஆயிரம் அல்ல, நான்கு லட்சம்.

இந்தத் தலைவலிக்கு வழங்கல் என்று பெயர். படைக்கு வேண்டிய சோறு, தீவனம், வெடிமருந்து, காலணி, மருந்து ஆகியவற்றை வேண்டிய இடத்துக்கு வேண்டிய நேரத்தில் கொண்டு சேர்ப்பது. போர்க்கதைகளில் இதற்கு இடமே கிடைப்பதில்லை. வாள்வீச்சைப் பாடுவதற்கு ஆள் உண்டு, மாவு மூட்டையைப் பாட யார் இருக்கிறார்கள்?

ரயிலும் லாரியும் இல்லாத அந்தக் காலத்தில் ஒரு படை மூன்று வழிகளில்தான் சாப்பிட முடியும். சிப்பாய் முதுகில் கட்டிக்கொண்டு போவது முதல் வழி. கட்டுச்சோறு எத்தனை நாளைக்கு வரும்? நான்கு நாள் ரொட்டிக்கு மேல் சுமந்தால் துப்பாக்கி தூக்க முடியாது. பின்னால் பெரிய கிடங்குகளை வைத்து, அங்கிருந்து வண்டிகளில் அனுப்பிக்கொண்டே இருப்பது இரண்டாவது. போகிற வழியிலுள்ள ஊர்களிலிருந்து காசு கொடுத்தோ மிரட்டியோ எடுத்துத் தின்பது மூன்றாவது.

தன் சுமையைத் தானே தின்னும் வண்டி

இரண்டாவது வழி கேட்பதற்கு நியாயமாக இருக்கிறது. வண்டிகளை அதிகமாக்கினால் ஆயிற்று என்று தோன்றும். கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் வில்லங்கம் தெரியும்.

நெப்போலியனிடம் இருந்த பெரிய வண்டிகளில் சுமார் 1,500 கிலோ ஏற்றலாம். இழுக்க நான்கு குதிரை வேண்டும். உழைக்கும் குதிரை ஒன்றுக்கு ஒரு நாளைக்குத் தானியமும் வைக்கோலுமாகப் பத்துக் கிலோ வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். நான்குக்கு நாற்பது கிலோ. நீமன் கரையிலிருந்து மாஸ்கோ ஏறக்குறைய 950 கிலோமீட்டர். நாளொன்றுக்கு 25 கிலோமீட்டர் என்று நிற்காமல் போனால் 38 நாள். முப்பத்தெட்டை நாற்பதால் பெருக்குங்கள். 1,520 கிலோ.

வண்டி மாஸ்கோவைத் தொடும்போது அதன் சுமை முழுவதையும் அதை இழுத்த குதிரைகளே தின்று தீர்த்திருக்கும். சிப்பாய்க்கு ஒரு பிடி மாவுகூடக் கிடைக்காது. வண்டிக்காரன் சாப்பிட்டதை நான் கணக்கில் சேர்க்கவில்லை. காலி வண்டி திரும்பி வருவதற்கான தீவனத்தையும் சேர்க்கவில்லை. சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம் என்பது இங்கே பழமொழியாக இல்லாமல் இயற்பியல் விதியாகவே ஆகிவிட்டது.

நடைமுறையில் குதிரைகள் வழியில் புல் மேயும். அதனால் கணக்கு கொஞ்சம் தளரும். படையெடுப்பு ஜூன் கடைசி வரை தள்ளிப்போனதற்கு ஒரு காரணமே புல் வளரட்டும் என்று காத்திருந்ததுதான். ஆனால் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட குதிரைகள் ஒரே சாலையில் போனால் முதலில் போகும் குதிரைக்குத்தான் புல். பின்னால் வருவதற்குப் புழுதி.

இன்னொன்றையும் கவனியுங்கள். ஆளுக்கு ஒரு கிலோ என்று வைத்தால் நான்கு லட்சம் பேருக்கு நாளொன்றுக்கு 400 டன். ஒன்றரை லட்சம் குதிரைக்கு 1,500 டன். மனிதர்களைப் போல நான்கு பங்கு குதிரைகள் தின்கின்றன. பட்டினி என்றதும் நாம் மெலிந்த சிப்பாயை நினைக்கிறோம். இந்தப் படையில் முதலில் பட்டினி கிடந்தது குதிரை.

சுருக்கமாக: கிடங்கிலிருந்து தூரம் கூடக் கூட வண்டியின் சுமையை வண்டியே விழுங்கும். ஓர் எல்லைக்கு மேல் எத்தனை வண்டி சேர்த்தாலும் பயன் இல்லை.

மற்ற நாடுகளில் எடுபட்டது இங்கே ஏன் எடுபடவில்லை?

நெப்போலியன் இதெல்லாம் தெரியாத ஆள் அல்லர். பீரங்கிப் படையில் வளர்ந்தவர், கணக்கில் புலி. டான்சிக், கோனிக்ஸ்பெர்க் துறைமுகங்களில் பெரும் கிடங்குகளை நிரப்பினார். ஆயிரக்கணக்கான வண்டிகளுடன் தனிப் போக்குவரத்துப் பிரிவுகளை அமைத்தார். வண்டி இழுக்கும் மாடுகளைச் சுமை தீர்ந்ததும் அடித்துத் தின்னலாம் என்பது வரை யோசித்திருந்தார்கள். ‘முன்யோசனை இல்லாமல் போய் மாட்டிக்கொண்டார்’ என்று சொல்பவர்கள் இதைப் பார்ப்பதில்லை. அதுவரை அவர் செய்த ஏற்பாடுகளிலேயே பெரியது இதுதான்.

ஆனால் அடிமனதில் அவர் நம்பியது மூன்றாவது வழியை. 1805-இல் ஆங்கிலக் கால்வாய்க் கரையிலிருந்து தெற்கு ஜெர்மனிக்கு அவர் படை புயல்போல நடந்தது. படையைப் பல பிரிவாக உடைத்து வெவ்வேறு சாலைகளில் அனுப்பினார். நெருக்கமான ஊர்கள், அறுவடை முடிந்த களஞ்சியங்கள், நல்ல சாலைகள். ஒவ்வொரு பிரிவும் தன் வழியிலேயே சாப்பிட்டுக்கொண்டு போய், உல்ம் நகரில் ஆஸ்திரியப் படையைச் சுற்றி வளைத்தது. போர் சில வாரங்களில் முடிந்துவிடுவதால் ஓர் ஊரை இரண்டாம் முறை சுரண்டவேண்டிய அவசியமே வரவில்லை.

பழநிக்குப் பாதயாத்திரை போகிறவர்களை நினைத்துக்கொள்ளுங்கள். ஐம்பது பேர் ஒரு கூட்டமாக, வெவ்வேறு நாளில், வெவ்வேறு வழியில் போனால் வழியெல்லாம் அன்னதானம் கிடைக்கும். ஐம்பதாயிரம் பேர் ஒரே நாளில் ஒரே சிற்றூருக்குள் நுழைந்தால் அந்த ஊர்க்காரருக்கே மறுநாள் உலை வைக்க அரிசி இருக்காது.

லித்துவேனியாவும் பெலாரூசும் ஐம்பதாயிரம் பேர் நுழைந்த அந்தச் சிற்றூரைப் போல ஆயின. காடும் சதுப்பும் நிறைந்த பகுதி, தூரம் தூரமாக ஊர்கள், ஏழைக் குடியானவர்கள், அறுவடைக்கு முந்தைய காலி மாதம். பின்வாங்கிய ரஷ்யர்கள் கிடங்குகளை எரித்துவிட்டுப் போனார்கள். மிச்சமிருந்ததையும் முதலில் போன பிரிவு தின்றது பாதி, மிதித்துப் பாழாக்கியது பாதி. யானை புகுந்த வயல்.

வாரக்கணக்கில் நடந்தது

எல்லை தாண்டிய ஐந்தாறு நாளில் பேய்மழை பிடித்தது. மண்சாலைகள் சேறாயின, மேற்கு ஐரோப்பியக் கல்சாலைகளுக்காகச் செய்த கனமான வண்டிகள் அச்சு வரை புதைந்தன. உலர்ந்த தீவனம் பின்தங்கிவிட்டதால் குதிரைகள் கோதுமை போன்ற ரை என்ற தானியத்தின் முற்றாத பச்சைப் பயிரை மேய்ந்து வயிறு உப்பி விழுந்தன. வில்னா நகரைச் சுற்றி முதல் சில நாட்களிலேயே செத்த குதிரைகள் ஆயிரக்கணக்கில். எதிரியின் ஒரு தோட்டாவும் இதற்குத் தேவைப்படவில்லை.

குதிரை செத்தால் என்ன, நடந்து போகலாமே என்று தோன்றும். வண்டியை இழுப்பது குதிரை. பீரங்கியை இழுப்பது குதிரை. முன்னால் போய் எதிரி எங்கே, தானியம் எங்கே என்று பார்த்து வருவதும் குதிரை. குதிரை குறைந்தால் வண்டி நிற்கும், வண்டி நின்றால் ரொட்டி நிற்கும். ரொட்டி இல்லாத சிப்பாய் அணியை விட்டு விலகித் தின்பதற்கு எதையாவது தேடிப் போவான். போனவன் பலமுறை திரும்புவதில்லை. இப்படி ஒன்றை ஒன்று இழுத்துக்கொண்டு எல்லாமே சரிந்தன.

பசியோடு அழுக்கும் சேர்ந்தது. குட்டை நீரைக் குடித்தவர்களுக்கு வயிற்றுப்போக்கு. மாதக்கணக்கில் துணி மாற்றாதவர்களுக்குப் பேன். உடைப்பேன் பரப்பும் டைபஸ் காய்ச்சல் கோடையிலேயே படைக்குள் புகுந்துவிட்டது. (டைபஸ் வேறு, நமக்குத் தெரிந்த டைபாய்டு வேறு.) பேன்தான் அதைப் பரப்புகிறது என்பது 1909 வரை யாருக்கும் தெரியாது; ஆகவே மருத்துவர்களும் கையைப் பிசைந்துகொண்டுதான் நின்றார்கள். 2001-இல் வில்னியஸ் நகரில், அதாவது பழைய வில்னாவில், மண் தோண்டும்போது நெப்போலியன் வீரர்கள் ஆயிரக்கணக்கானோரின் எலும்புகள் ஒரே புதைகுழியில் கிடைத்தன. சில ஆண்டுகள் கழித்து அவற்றின் பற்களை ஆராய்ந்தவர்கள் டைபஸ் கிருமியின் தடயத்தையும், பேனால் பரவும் இன்னொரு காய்ச்சலான அகழிக் காய்ச்சலின் தடயத்தையும் கண்டார்கள்.

இத்தனைக்கும் நடுவில் நெப்போலியன் நின்று மூச்சு வாங்கியிருக்கலாம். வித்தெப்ஸ்கில் இரண்டு வாரம் நிற்கவும் செய்தார். ஆனால் அவருக்கு ஒரே ஒரு பெரும்போர் வேண்டியிருந்தது. ரஷ்யப் படையை ஒரே நாளில் நொறுக்கிவிட்டால் பேரரசர் அலெக்சாண்டர் சமாதானத்துக்கு வருவார் என்பது அவர் போட்ட கணக்கு. ரஷ்யத் தளபதி பார்க்லே தெ தோல்லியோ பிடிகொடுக்காமல் பின்வாங்கிக்கொண்டே இருந்தார். இதை வைத்து, நெப்போலியனை மாஸ்கோ வரை இழுத்துவரவேண்டும் என்று ரஷ்யர்கள் முதல் நாளே திட்டம் தீட்டிவிட்டதாகச் சிலர் கதை சொல்வதும் மிகைதான். பின்வாங்கும் யோசனை முன்பே இருந்தது. மாஸ்கோவையே விட்டுக்கொடுக்கும் அளவுக்கு யாரும் மனதைத் தயார்ப்படுத்தியிருக்கவில்லை. பார்க்லே மீது எரிச்சல் மூண்டு, ஆகஸ்டில் முதிய குடுசோவ் தலைமைக்குக் கொண்டுவரப்பட்டார். அவரும் போரோடினோவில் ஒரு நாள் நின்று போரிட்டுவிட்டு மீண்டும் பின்வாங்கத்தான் செய்தார்.

அதாவது: போருக்காக நெப்போலியன் விரைந்தார், விரைந்ததால் வண்டிகள் பின்தங்கின, வண்டி பின்தங்கியதால் படை தேய்ந்தது. மாஸ்கோவை அவர் பிடித்தபோது அதைப் பிடித்துவைத்துக்கொள்ளும் படை அவரிடம் இல்லை.

வந்த வழியே திரும்பினால்

மாஸ்கோ பெரும்பாலும் எரிந்துபோயிற்று. அலெக்சாண்டரிடமிருந்து பதிலும் வரவில்லை. ஐந்து வாரம் காத்திருந்து, அக்டோபர் 19 அன்று கிளம்பும்போது படையோடு சேர்ந்து ஒரு பெரிய வண்டிக் கூட்டமும் கிளம்பியது. வெள்ளிப் பாத்திரம், பட்டு, படங்கள். மாவு ஏற்றவேண்டிய வண்டியில் கொள்ளைப்பொருளை ஏற்றிக்கொண்டு போன அந்தக் காட்சியை நினைத்தால் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

இன்னும் சூறையாடப்படாத தெற்கு வழியாகத் திரும்பலாம் என்பதுதான் எண்ணம். மலோயரோஸ்லாவெட்ஸ் என்ற ஊரில் அக்டோபர் 24 அன்று ரஷ்யர்கள் மறித்துச் சண்டையிட்டார்கள். ஊர் கைக்கு வந்தும் நெப்போலியன் வந்த வழிக்கே திரும்ப முடிவு செய்தார். ஏற்கெனவே தின்று தீர்த்த அதே சாலை. முழுப் படையெடுப்பிலும் மிகக் கொடிய முடிவு இதுதான் என்பது என் எண்ணம். இருபுறமும் கொசாக் குதிரைப்படையும் ஆயுதம் எடுத்த குடியானவர்களும் சூழ்ந்திருந்ததால் தானியம் தேடிச் சாலையை விட்டு விலகவும் வழியில்லை.

மினாரின் படத்தில் படை ஸ்மோலென்ஸ்குக்குத் திரும்பும்போது எண் 37,000. அங்கே கிடங்கில் உணவு இருந்தது. முதலில் வந்தவர்கள் சூறையாடியதில் பின்னால் வந்தவர்களுக்குச் சில நாள் சோறுகூட மிஞ்சவில்லை. அடுத்த பெரிய கிடங்கு மின்ஸ்கில். அதை நவம்பர் 16 அன்று ரஷ்யர்கள் பிடித்துவிட்டார்கள்.

குளிரின் பங்கு

குளிர் கொல்லவில்லை என்று சொல்லவரவில்லை. டிசம்பர் தொடக்கத்தில் வெப்பநிலை பூஜ்யத்துக்குக் கீழே முப்பது டிகிரியையும் தாண்டி இறங்கியது. இரவில் நெருப்பைச் சுற்றி உட்கார்ந்தவர்கள் காலையில் உட்கார்ந்தபடியே பிணமாகக் கிடந்தார்கள். ஆனால் அந்தக் குளிரிலும் வழங்கல்தான் வேறு முகம் காட்டியது. பனிக்கட்டி மேல் வழுக்காமல் நடக்கக் குதிரைக்குக் கூர்முனை வைத்த லாடம் வேண்டும். பிரெஞ்சுக் குதிரைகளில் பெரும்பாலானவற்றுக்கு அது இல்லை. சிறு மேட்டில்கூட ஏற முடியாமல் வழுக்கி விழுந்து, எழ முடியாமல் அங்கேயே அறுக்கப்பட்டு இறைச்சியாயின.

குளிர்க் கதையை நம்புகிறவர்கள் பெரெசினா ஆற்றை விளக்கியாகவேண்டும். நவம்பர் கடைசியில் படை அங்கே வந்தபோது ஆறு உறைந்திருந்தால் எல்லோரும் மேலே நடந்தே போயிருக்கலாம். இடையில் குளிர் தளர்ந்து பனி உருகியதால் ஆறு ஓடிக்கொண்டிருந்தது! அன்று அவர்களுக்கு வேண்டியிருந்தது இன்னும் கொஞ்சம் குளிர். மிதவைப் பாலத்துக்கான சாமான்களைச் சில நாள் முன்புதான் சுமை என்று எரித்திருந்தார்கள். தளபதி எப்லே மட்டும் கொல்லன் உலைகளையும் கருவிகளையும் விடாமல் காப்பாற்றி வைத்திருந்தார். அவருடைய ஆட்கள் பனித்துண்டுகள் மிதக்கும் நீரில் மார்பளவு நின்று இரண்டு மரப்பாலம் கட்டினார்கள். அவர்களில் மிகச் சிலரே பிழைத்தார்கள். நவம்பர் 29 காலை பாலங்களை எரித்தபோது அக்கரையில் ஆயிரக்கணக்கானோர் இன்னும் நின்றுகொண்டிருந்தார்கள். எப்லேயும் அந்த ஆண்டு முடிவதற்குள் இறந்துபோனார்.

எல்லையைத் திரும்பத் தொட்டவர்கள் என்று மினார் எழுதிய எண் 10,000.

பிறகு குளிர்க் கதை எங்கிருந்து வந்தது?

லண்டன் கேலிச்சித்திரக்காரர்கள் பனியை ஒரு தளபதியாகவே வரைந்து மகிழ்ந்தார்கள். ஆனால் கதைக்கு முதல் கையெழுத்துப் போட்டவர் நெப்போலியன்தான். படையிலிருந்து பாரிசுக்கு அவ்வப்போது அனுப்பப்பட்ட போர்ச்செய்தி அறிக்கைகளில் இருபத்தொன்பதாவது, டிசம்பர் 3 தேதியிட்டது. நவம்பர் 6 வரை எல்லாம் நன்றாகவே இருந்தது, மறுநாள் திடீரென்று குளிர் வந்தது, அதோடு எல்லாம் மாறியது என்று அது சொல்கிறது. கோடையில் தொலைந்த லட்சக்கணக்கானோர் பற்றி அதில் பேச்சு இல்லை. ஆனால் தன்னையறியாமல் ஒரு உண்மையை உளறிவிடுகிறது: சில நாட்களில் முப்பதாயிரத்துக்கும் மேற்பட்ட குதிரைகள் செத்தன, பீரங்கிகளை இழுக்க வழியில்லாமல் போயிற்று என்று.

இரண்டு நாள் கழித்து, டிசம்பர் 5 அன்று, படையை விட்டுவிட்டு நெப்போலியன் சறுக்குவண்டியில் பாரிசுக்குக் கிளம்பிப் போனார். அறிக்கை அவருக்குச் சற்று முன்பே அங்கே போய்ச்சேர்ந்து, பத்திரிகையிலும் வந்துவிட்டது. மகனோ கணவனோ ரஷ்யாவில் இருந்த குடும்பங்கள் அதைக் கடைசி வரி வரை படித்தன. மாமன்னரின் உடல்நலம் இதைவிடச் சிறப்பாக என்றுமே இருந்ததில்லை என்று அந்தக் கடைசி வரி தெரிவித்தது.